அம்மாவுக்கு மனச்சோர்வுக் குளிசை: தொடர்வதா, நிறுத்துவதா?

முத்தையன்கட்டு மகள்:
அம்மாவுக்கு 72 வயது. சில மாதங்களாக இரவு இரண்டு மணிக்கே விழித்துவிடுகிறார். விடியும்வரை குசினி வாசலில் இருக்கிறார். இரண்டு வாய் சோற்றோடு போதும் என்கிறார். கோழிகளுக்குத் தீன் போடுவதைக்கூட விட்டுவிட்டார். 2009 மே மாதம், போர் முடிந்தபோது, வட்டுவாகலில் தம்பியை இராணுவத்திடம் கையளித்தோம், இன்றுவரை தகவல் இல்லை. மனநல கிளினிக்கில் செர்ட்ராலின் 25 மில்லிகிராம், காலையில் ஒன்று என்று எழுதித் தந்தார்கள். ஒரு கிழமைகூட ஆகவில்லை. வயிற்றைப் பிரட்டுகிறது என்கிறார், நித்திரையும் வரவில்லை. பெரியம்மா தன் கால் உளைவுக்குத் தந்த அமிட்ரிப்டிலினில் ஒன்றை இரவில் கொடுத்துப் பார் என்கிறார். அண்ணா எல்லாவற்றையும் நிறுத்தச் சொல்கிறார். யார் சொல்வதைக் கேட்பது?

ஒட்டுசுட்டான் அண்ணை:
உங்கள் அண்ணா சொல்வதைக் கேளுங்கள் தங்கச்சி. பிள்ளையைத் தேடும் தாயின் துக்கத்துக்கு நோய் என்று பெயர் வைப்பதே எனக்கு உடன்பாடில்லை. காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகள் எங்கே என்று கேட்டு, கிளிநொச்சி கந்தசுவாமி கோவில் முன்றலில் 2017 பெப்ரவரியில் போய் அமர்ந்த தாய்மார் கேட்டது பதிலை, குளிசையை அல்ல. எங்கள் ஐயாவுக்கும் நித்திரைக்கென்று குளிசை கொடுத்தார்கள். இரவில் வெளியே மலசலகூடத்துக்குப் போக எழுந்தவர் படியில் விழுந்து இடுப்பு எலும்பு முறிந்தது. அதன் பிறகு அவர் எழுந்து நடக்கவே இல்லை.

வவுனியா மருந்தாளர்:
அண்ணை, ஐயாவுக்கு நடந்தது கொடுமை. ஆனால் என்ன குளிசை என்று பார்க்காமல் எல்லாவற்றையும் ஒரே தட்டில் வைக்க முடியாது. வயதானவர்களுக்குத் தவிர்க்க வேண்டிய மருந்துகள் என்று அமெரிக்க முதியோர் மருத்துவச் சங்கம் வெளியிடும் பீர்ஸ் பட்டியலில் அமிட்ரிப்டிலினும் இருக்கிறது, நித்திரைக்குக் கொடுக்கும் டயசிபாமும் இருக்கிறது. அமிட்ரிப்டிலின் வாயை உலர்த்தும், மலச்சிக்கலைத் தரும், சிறுநீரை அடைக்கும், நினைவைக் குழப்பும். படுக்கையிலிருந்து எழும்போது பிரஷரைச் சட்டென்று இறக்கிவிடும். இருட்டில் வயதானவர்கள் விழுவதற்கு அது ஒன்றே போதும். அளவு மிஞ்சினால் இதயத் துடிப்பையே குலைக்கும். தங்கச்சி, பெரியம்மாவின் குளிசையை அம்மாவுக்குக் கொடுக்கவே வேண்டாம். செர்ட்ராலினோடு சேர்ந்தால் அமிட்ரிப்டிலினின் அளவு இரத்தத்தில் இன்னும் கூடலாம்.

செர்ட்ராலின் நித்திரைக் குளிசை அல்ல. அது மனச்சோர்வுக்கான மருந்து. நடுச்சாமத்தில் விழித்துவிட்டு மீண்டும் கண் மூட முடியாமல் இருப்பது மனச்சோர்வின் அடையாளங்களில் ஒன்று. சோர்வு இறங்கினால் நித்திரையும் பெரும்பாலும் திரும்பும். ஆனால் இரண்டு முதல் நான்கு கிழமை பொறுக்க வேண்டும், வயதானவர்களுக்கு ஆறு எட்டுக் கிழமையும் ஆகலாம். வயிற்றுப் பிரட்டல் முதல் நாட்களில் வருவதுதான். சாப்பாட்டோடு கொடுத்தால் குறையும்.

ஒட்டுசுட்டான் அண்ணை:
எங்கள் ஐயாவுக்கு அமிட்ரிப்டிலின், டயசிபாம் இரண்டையும் சேர்த்தேதான் கொடுத்திருந்தார்கள். ஒரு சீட்டில் ஒன்று, வேறொரு சீட்டில் மற்றது. இரண்டையும் ஒன்றாக வைத்துப் பார்த்தவர் யாரும் இல்லை. நீங்கள் சொல்வது புத்தகத்தில் சரி, மருந்தாளர் ஐயா. இங்கே கிளினிக்குக்குப் போக விடியற்காலை பஸ் பிடிக்க வேண்டும். முன்னால் நீண்ட வரிசை. ஐந்து நிமிடப் பேச்சு. அடுத்த முறை போனால் வேறு டாக்டர். பக்கவிளைவைக் கவனிக்க ஆளில்லாத ஊரில் மருந்தைத் தொடங்குவது எப்படிப் பாதுகாப்பாகும்? அதைவிட அம்மாவைப் பகலில் தோட்டத்துக்கும் கோவிலுக்கும் கூட்டிக்கொண்டு போகலாம், பக்கத்தில் ஒருவர் இருந்து பேசலாம்.

மாங்குளம் ரீச்சர்:
தம்பி, எனக்கு 69 வயது. நானும் அந்தச் செர்ட்ராலினைத்தான் எடுக்கிறேன். அதனால் இதை உங்களுக்கே சொல்கிறேன். எனக்கும் கோவிலுக்கு வா, தோட்டத்துக்கு வா என்றுதான் எல்லோரும் சொன்னார்கள். தலையை வாரவே கை எழும்பாதவள் கோவிலுக்கு எப்படிப் போவாள்? மருந்து என் மகனை மறக்க வைக்கவில்லை. அவனுடைய படத்தைத் துடைத்து வைக்கும் தெம்பைத் தந்தது. தாய்மாரின் போராட்டத்துக்கு நான் மறுபடி போனது மருந்து தொடங்கிய பிறகுதான். எங்களுக்குப் பதில் வேண்டும் என்பது உண்மை. அது வரும்வரை உயிரோடு இருக்கவும் வேண்டும்.

வவுனியா மருந்தாளர்:
ரீச்சர் சொன்னதற்கு மேல் நான் சொல்ல ஒன்றுமில்லை. அண்ணையின் கேள்விக்கு வருகிறேன், அது நியாயமான கேள்வி. டாக்டர் மாறினாலும் வீட்டார் மாறுவதில்லை. கவனிக்க வேண்டியதைச் சொல்லிக்கொடுத்தால் வீட்டாரால் முடியும்.

தங்கச்சி, அம்மா எடுக்கும் அத்தனை குளிசையையும், பிரஷர், சீனி, உளைவு என்று எதையும் விடாமல், ஒரே பையில் போட்டு டாக்டரிடம் காட்டுங்கள். சிறுநீரைக் கூட்டும் பிரஷர் குளிசை அதில் இருந்தால் கட்டாயம் சொல்லுங்கள். செர்ட்ராலின் வயதானவர்களின் இரத்தத்தில் சோடியத்தைக் குறைக்கக்கூடும், இரண்டும் சேர்ந்தால் அந்த ஆபத்து கூடும். தொடங்கிய சில கிழமைகளில் ஒரு இரத்தப் பரிசோதனை கேளுங்கள். புதிதாகத் தடுமாற்றம், பேச்சுக் குழப்பம், அசாதாரண மயக்கம் என்றால் கிளினிக் நாளுக்காகக் காத்திருக்க வேண்டாம். அஸ்பிரினும் எடுப்பவர் என்றால் வயிற்றில் இரத்தம் கசியலாம், அதனால் மலம் கறுப்பாகப் போகிறதா என்றும் பார்க்க வேண்டும். சுகமானதும் சட்டென்று நிறுத்தக் கூடாது. குறைந்தது ஆறு மாதமாவது தொடரச் சொல்வார்கள், பிறகு டாக்டர் சொல்கிறபடி மெதுவாகக் குறைக்கலாம். குளிசைப் பெட்டி உங்கள் கையில் இருக்கட்டும். சாக வேண்டும் என்று அம்மா சொன்னால் அதைச் சும்மா சொல்கிறார் என்று எடுக்காதீர்கள். உடனே ஆஸ்பத்திரிக்குக் கூட்டிக்கொண்டு போங்கள். 1926 தேசிய மனநல உதவி இலக்கம்.

ஒட்டுசுட்டான் அண்ணை:
ரீச்சர், உங்கள் சொல்லை மறுத்துப் பேச எனக்கு வாய் வரவில்லை. ஆனாலும் துக்கத்தோடு வருகிற எல்லாத் தாய்மாருக்கும் முதல் நாளே சீட்டு எழுதுவதை நான் ஏற்கமாட்டேன். முதலில் உட்கார வைத்துக் கேட்க வேண்டும். தங்கச்சி, இன்றைக்கே மலசலகூடத்துக்குப் போகும் வழியில் ஒரு பல்ப் போடுங்கள், படியில் கைபிடிக்க ஒரு கம்பும் கட்டிவிடுங்கள்.

முத்தையன்கட்டு மகள்:
பெரியம்மாவின் குளிசையைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன். செர்ட்ராலினை நிறுத்தவில்லை, இன்று காலைச் சாப்பாட்டோடு கொடுத்தேன். பிரஷர் குளிசை மட்டையில் ஹைட்ரோகுளோரோதயசைட் என்று இருக்கிறது. மருந்தாளர் ஐயா, நீங்கள் சொன்னது இதுதானா?

வவுனியா மருந்தாளர்:
அதேதான். அந்த மட்டையோடு நாளைக்கே போங்கள். கிளினிக் இல்லாத நாளென்றால் வெளிநோயாளர் பிரிவில் காட்டிச் சோடியப் பரிசோதனை கேளுங்கள்.