வக்கீல் குமாஸ்தாவிடம் போலீஸ் கேட்டால் கட்சிக்காரர் சொன்னதைச் சொல்லித்தான் ஆக வேண்டுமா?

கேள்வி

அனைவருக்கும் வணக்கம். தென் மாவட்டம் ஒன்றில் தொழில் செய்யும் வழக்கறிஞரிடம் நெடுங்காலமாகக் குமாஸ்தாவாக இருக்கிறேன். வழக்குக் கட்டுகளைப் பராமரிப்பது, வாய்தாக்களை டயரியில் குறிப்பது, மனு தாக்கல் செய்வது, நகல் எடுப்பது ஆகியவை என் பொறுப்பு. சீனியர் கோர்ட்டில் இருக்கும் நேரத்தில் வரும் கட்சிக்காரர்களிடம் முதல் விவரம் கேட்டு எழுதி வைப்பதும் நான்தான்.

கூட்டுப் பட்டா நிலம் ஒன்றில் போலி கிரயப் பத்திரம் தயாரித்ததாக எங்கள் கட்சிக்காரர் ஒருவர் மீது அவருடைய பங்காளி புகார் கொடுத்து, முதல் தகவல் அறிக்கை பதிவாகியுள்ளது. முன்ஜாமீனுக்காக வந்த கட்சிக்காரர் நடந்தவற்றை எல்லாம் என்னிடம் சொல்லிவிட்டு, சில அசல் பத்திரங்களையும் ஒரு மஞ்சள் பையில் வைத்துக் கொடுத்துச் சென்றார். சீனியர் மதுரைக் கிளைக்குப் போயிருந்த நாளில் ஸ்டேஷனிலிருந்து எனக்குத் தொலைபேசி வந்தது. அவர் என்று வந்தார், யாருடன் வந்தார், பத்திரத்தைப் பற்றி என்ன சொன்னார் என்று கேட்டு, பையை எடுத்துக்கொண்டு நேரில் வரச் சொன்னார்கள். வக்கீல்தான் பேசக் கூடாது, குமாஸ்தாவுக்கு என்ன தடை என்றும் கேட்டார்கள். சீனியர் வந்ததும் பேசுகிறேன் என்று சொல்லி வைத்துவிட்டேன். சட்டம் என்னையும் காக்கிறதா, அல்லது நான் வெறும் சாட்சிதானா என்பதை விவரம் அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

மறுமொழி 1: குற்றவியல் வழக்கறிஞர்

நீங்கள் பேசாமல் இருந்தது முற்றிலும் சரி. பழைய இந்திய சாட்சியச் சட்டத்தின் 126 முதல் 129 வரையிலான பிரிவுகளில் இருந்த பாதுகாப்பு, 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாக்ஷ்ய அதினியத்தில் 132 முதல் 134 வரையிலான பிரிவுகளுக்கு வந்துவிட்டது. தொழில்முறையில் கட்சிக்காரர் சொன்னதையோ, அவ்வாறு பார்க்க நேர்ந்த ஆவணத்தில் உள்ளதையோ, தாம் கொடுத்த ஆலோசனையையோ, கட்சிக்காரரின் வெளிப்படையான சம்மதம் இல்லாமல் வழக்கறிஞர் வெளியிட அனுமதியில்லை என்கிறது 132ஆம் பிரிவு. அதன் 3ஆம் உட்பிரிவு, இந்த விதி மொழிபெயர்ப்பாளர்களுக்கும், வழக்கறிஞரின் குமாஸ்தாக்களுக்கும் பணியாளர்களுக்கும் பொருந்தும் என்று தெளிவாகச் சொல்கிறது. கட்சிக்காரர் உங்களிடம் சொன்னது சட்டத்தின் கண்ணில் உங்கள் சீனியரிடம் சொன்னதற்குச் சமம். எனவே குமாஸ்தாவுக்குத் தடையில்லை என்று உங்களிடம் சொன்னது தவறு.

இந்த உரிமை வழக்கறிஞருடையது அன்று, கட்சிக்காரருடையது. பலர் இதை வக்கீல்களுக்குக் கிடைத்த சலுகை என்றே எண்ணுகிறார்கள். சலுகையாக இருந்தால் வேண்டாம் என்று நாமே விட்டுக்கொடுக்கலாம். இதையோ உங்கள் சீனியரே விரும்பினாலும் கட்சிக்காரரின் சம்மதமின்றி விட்டுக்கொடுக்க முடியாது. மனம் திறந்து உண்மையைச் சொன்னால் அதுவே தனக்கு எதிரான சாட்சியாகிவிடும் என்று அஞ்சுகிறவர் பாதியை மறைத்துத்தான் பேசுவார், பாதி உண்மையை வைத்துக்கொண்டு எந்த வழக்கறிஞராலும் நேர்மையாக வாதாட முடியாது.

இதற்கு எல்லையும் உண்டு; அந்த எல்லையைச் சட்டமே உதாரணங்களால் காட்டுகிறது. "நான் போலி ஆவணம் தயாரித்துவிட்டேன், எனக்காக வாதாடுங்கள்" என்று ஒருவர் சொன்னால் அது காக்கப்படும், ஏனெனில் குற்றம் செய்தவருக்காக வாதாடுவது குற்ற நோக்கம் ஆகாது. "இந்தப் போலிப் பத்திரத்தை வைத்துச் சொத்தைக் கைப்பற்ற வேண்டும், வழக்குப் போடுங்கள்" என்று சொன்னால் அந்தப் பேச்சுக்குப் பாதுகாப்பு கிடையாது. மூன்றாவது உதாரணம் உங்களைப் போன்றவர்கள் அவசியம் அறிய வேண்டியது. கையாடல் வழக்கில் வாதாடும் வழக்கறிஞர், தாம் வழக்கை ஏற்றபோது கணக்குப் புத்தகத்தில் இல்லாத ஒரு பதிவு பின்னர் நுழைந்திருப்பதைப் பார்க்கிறார். தாம் வழக்கை ஏற்ற பிறகு நடந்த மோசடியைக் காட்டும் அந்தச் செய்தி காக்கப்படுவதில்லை. நடந்து முடிந்ததைச் சொல்லிச் சட்ட உதவி கேட்பதும், இனி நடக்கவிருக்கும் மோசடிக்கு உங்கள் அலுவலகத்தைக் கருவியாக்குவதும் வேறு வேறு. உங்கள் கட்சிக்காரர் முன்ஜாமீனுக்காகச் சொன்னவை முதல் வகையைச் சேர்ந்தவை.

உச்ச நீதிமன்றமும் அண்மையில் இதைத் தெளிவாக்கியுள்ளது. குஜராத்தில் கடன் ஒப்பந்தம் பற்றிய வழக்கு ஒன்றில் ஜாமீன் வாங்கித் தந்த வழக்கறிஞருக்கே காவல்துறை நோட்டீஸ் அனுப்பியது. சென்னை உயர் நீதிமன்றத்தில் நன்கறியப்பட்ட மூத்த வழக்கறிஞர் அரவிந்த் தத்தார் வழங்கிய சட்டக் கருத்து தொடர்பாக அமலாக்கத் துறை அவருக்குச் சம்மன் அனுப்பி, எதிர்ப்பு எழுந்ததும் திரும்பப் பெற்றது. இந்தச் சூழலில் தானாகவே விசாரணைக்கு எடுத்துக்கொண்ட வழக்கில், தலைமை நீதிபதி பி.ஆர். கவாய் தலைமையிலான அமர்வு 2025 அக்டோபர் 31 அன்று தீர்ப்பளித்தது. 132ஆம் பிரிவின் விதிவிலக்குக்குள் வந்தால் ஒழிய, கட்சிக்காரரின் வழக்கு விவரம் கேட்டு அவருடைய வழக்கறிஞருக்கு விசாரணை அதிகாரி சம்மன் அனுப்பக் கூடாது. அனுப்பினால் எந்த விதிவிலக்கு, எந்த உண்மைகளின் அடிப்படையில் என்பது சம்மனிலேயே இருக்க வேண்டும். காவல் கண்காணிப்பாளர் நிலைக்குக் குறையாத மேலதிகாரி தம் திருப்தியை எழுத்தில் பதிந்து முன்கூட்டியே ஒப்புதல் தர வேண்டும். தீர்ப்பு வழக்கறிஞரைப் பற்றியே பேசினாலும், குமாஸ்தாவின் பாதுகாப்பு அதே பிரிவிலிருந்து வருவதால், வக்கீலிடம் கேட்க முடியாததைக் குமாஸ்தாவிடம் கேட்டு வாங்கிக்கொள்ள முடியாது என்பதே என் கருத்து.

மறுமொழி 2: ஓய்வு பெற்ற காவல் உதவி ஆய்வாளர்

வழக்கறிஞர் ஐயா சொன்னதை ஏற்கிறேன். ஆயினும் மறுபக்கமும் தெரிந்தால்தான் தம்பி நாளை ஸ்டேஷனில் நிதானமாகப் பேச முடியும். கட்சிக்காரர் வந்த நாள், உடன் வந்தவர் ஆகியவை அவர் சொன்ன பேச்சு ஆகாது, கண்ணால் கண்டவை என்றே விசாரணை அதிகாரி வாதிடுவார். அந்த வாதத்தை எளிதில் தள்ளிவிட முடியாது. ஆனால் சாட்சியை அழைக்க வேண்டுமானால், புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 179ஆம் பிரிவின்படி எழுத்து மூலமான ஆணை வேண்டும். தொலைபேசியில் "வந்துவிட்டுப் போ" என்பது ஆணை ஆகாது. நானும் பணியில் இருந்தவன் என்பதால் சொல்கிறேன், வாய்மொழியில் அழைத்தாலே ஊரில் எல்லோரும் வந்துவிடுவார்கள் என்பதால் பலரும் எழுத்து வேலையைத் தவிர்க்கிறார்கள்.

போலீஸார் சிலர் கட்சிக்காரரின் ரகசியத்தைக் குற்றவாளிக்குத் துணைபோவதாக நினைக்கிறார்கள். வழக்கறிஞர் ஐயா சொன்ன பாரதிய சாக்ஷ்ய அதினியத்தின் 131ஆம் பிரிவு, ஒரு குற்றம் பற்றிய தகவல் எங்கிருந்து கிடைத்தது என்று சொல்லும்படி எந்தக் காவல் அதிகாரியையும் கட்டாயப்படுத்தக் கூடாது என்கிறது. பயந்து பயந்து தகவல் சொன்ன எத்தனையோ எளியவர்களின் பெயர் அந்தப் பிரிவால்தான் வெளிவராமல் இருக்கிறது. அதன் நிழலில் பணி செய்த நமக்கு, அடுத்த பிரிவை மதிக்கும் கடமை இருக்கிறது.

மறுமொழி 3: பட்டயக் கணக்காளர்

இதைப் படிக்கும் எங்கள் துறை நண்பர்களுக்கு ஓர் எச்சரிக்கை. ஆடிட்டரிடம் சொன்னதும் வக்கீலிடம் சொன்னதும் ஒன்று என்று வாடிக்கையாளர்கள் நம்புகிறார்கள், அப்படியில்லை. 1949ஆம் ஆண்டின் பட்டயக் கணக்காளர் சட்டத்தின் இரண்டாம் அட்டவணைப்படி, வாடிக்கையாளரின் சம்மதமின்றி அவருடைய விவரங்களை வெளியிடுவது எங்களுக்குத் தொழில் ஒழுங்கீனம். ஆனால் சட்டம் கோரும்போது வெளியிடலாம் என்பதும் அதே வரியில் இருக்கிறது. எனவே நீதிமன்றத்தில் எங்களிடம் கேட்டால் சொல்லித்தான் ஆக வேண்டும். மருத்துவர்களின் நிலையும் ஏறக்குறைய இதுதான்: 2002ஆம் ஆண்டின் ஒழுக்க விதிகள் நோயாளியின் ரகசியத்தைக் காக்கச் சொன்னாலும், நீதிபதி ஆணையிட்டால் மருத்துவர் பேச வேண்டும். சட்டச் சிக்கல் வரும் என்று தெரிந்தால், எங்களிடம் மனம் திறப்பதற்கு முன் வழக்கறிஞரைப் பார்க்கும்படி நான் வாடிக்கையாளர்களிடம் வெளிப்படையாகவே சொல்லிவிடுகிறேன்.

கேள்வி கேட்டவர்

மூவருக்கும் மிக்க நன்றி. இன்னும் இரண்டு சந்தேகங்கள் உள்ளன. அந்த மஞ்சள் பையை என்ன செய்வது? நாளை நான் இந்த வேலையை விட்டு நின்றுவிட்டால், அதன்பின் என்னிடம் கேட்கலாமா? இதற்கிடையில் கட்சிக்காரரின் மைத்துனரும் அலுவலகத்துக்கு வந்து, வழக்கு எந்த நிலையில் இருக்கிறது, மாமா என்ன சொன்னார் என்று உரிமையோடு கேட்கிறார்.

மறுமொழி 4: குற்றவியல் வழக்கறிஞர்

பையை முதலில் உங்கள் சீனியரிடம் ஒப்படைத்து, உள்ளே உள்ள பத்திரங்களுக்கு ஒரு பட்டியல் எழுதி, கட்சிக்காரரிடம் கையெழுத்து வாங்கி வையுங்கள். ஆவணங்களைப் பொறுத்தவரை பாதுகாப்பு அவ்வளவு அகலமானது அன்று. ஏற்கெனவே இருந்த ஒரு கிரயப் பத்திரம், வழக்கறிஞரின் அலமாரிக்குள் வந்துவிட்டது என்பதாலேயே ரகசியம் ஆகிவிடாது. மேற்சொன்ன தீர்ப்பும் ஆவணத்தைத் தாக்கல் செய்வது 132ஆம் பிரிவுக்குள் வராது என்கிறது. ஆனால் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 94ஆம் பிரிவின்படி உத்தரவு வந்தால் அதை நீதிமன்றத்தின் முன்தான் தாக்கல் செய்ய வேண்டும், கட்சிக்காரரும் வழக்கறிஞரும் சொல்லும் ஆட்சேபத்தை நீதிமன்றம் கேட்டு முடிவு செய்யும். ஸ்டேஷனில் கொண்டுபோய்க் கொடுப்பது உங்கள் வேலை அன்று; அதேபோல, பையை வேறு இடத்துக்கு மாற்றுவதோ ஒரு தாளை உருவிவிடுவதோ உங்களையே குற்றவாளியாக்கிவிடும், யார் சொன்னாலும் செய்யாதீர்கள்.

வேலையை விட்டு நின்றாலும் கடமை நிற்பதில்லை. தொழில்முறைத் தொடர்பு முடிந்த பிறகும் இந்தப் பொறுப்பு தொடரும் என்று 132ஆம் பிரிவின் விளக்கமே சொல்கிறது. மைத்துனரைப் பொறுத்தவரை, அவர் அன்புடன்தான் கேட்பார் என்றாலும், பங்காளிச் சண்டையில் இன்று உடன் நிற்கும் உறவு நாளை எந்தப் பக்கம் நிற்கும் என்று யாருக்கும் தெரியாது. வாய்தா தேதியும் வழக்கின் நிலையும் நீதிமன்ற இணையதளத்திலேயே கிடைக்கும், அவற்றைச் சொல்லுங்கள். மாமா என்ன சொன்னார் என்பதை மாமாவிடமே கேட்டுக்கொள்ளும்படி மரியாதையாகச் சொல்லிவிடுங்கள். ஸ்டேஷனிலிருந்து மறுபடியும் அழைப்பு வந்தால், எழுத்தில் அனுப்பும்படியும், சீனியரிடம் காட்டிவிட்டுப் பதில் தருவதாகவும் மட்டும் கூறி, அழைத்த நாளையும் நேரத்தையும் அலுவலக டயரியில் குறித்து வையுங்கள்.