சென்னை வெயிலில் பூண்டு–சதகுப்பை வெள்ளரி ஊறுகாய்: போட்டவர்கள் சொல்லும் அனுபவம்

மந்தைவெளியிலிருந்து:

மகள் வீட்டுக்கு நியூ ஜெர்சி போயிருந்தபோதுதான் இந்த ஊறுகாயை முதலில் தின்றேன். எண்ணெய் இல்லை, மிளகாய்த்தூள் இல்லை. முழு வெள்ளரிப்பிஞ்சு உப்புத் தண்ணீரில் அப்படியே கிடக்கிறது. நறுக்கென்று கடித்தவுடன் எனக்கு அம்மாவின் மாவடு ஜாடி ஞாபகம் வந்துவிட்டது. அதே உப்பு, அதே ஊறல் மணம். அங்கே இதைக் ‘கோஷர் டில்’ என்கிறார்கள். கோஷர் என்றால் யூதர்களின் உணவு விதிப்படியானது, டில் என்றால் நம் சதகுப்பை. நியூயார்க்கில் குடியேறிய யூதர்கள் பூண்டைத் தாராளமாகப் போட்டுச் செய்த முறை. வினிகர் தேவையில்லை, உப்புத் தண்ணீரில் தானே புளித்துக்கொள்ளும்.

ஊருக்கு வந்ததும் டில் தேடி அலைந்தேன். கடைசியில் மயிலாப்பூரில் ஒரு நாட்டு மருந்துக் கடையில் ‘சதகுப்பை’ என்று கேட்டதும், கடைக்காரர் நிமிர்ந்துகூடப் பார்க்காமல் பொட்டலம் மடித்துக் கொடுத்தார். பிள்ளை பெற்றவளுக்கு இடிக்கிற மருந்துச் சாமானில் சேருகிற அதே சதகுப்பைதான். வீட்டில் பிரித்தால் கிரைப் வாட்டர் வாசனை குப்பென்று வந்தது. அதிலும் இந்த விதையின் எண்ணெய் உண்டு. கீரையாக வேண்டுமென்றால் பெங்களூரிலிருந்து வருகிறவர்களிடம் சப்பசிகே சொப்பு ஒரு கட்டு வாங்கிவரச் சொல்லலாம். என்னைக் கேட்டால் விதையே போதும்.

முதல் ஜாடியைப் போட்டது மே மாதம், அக்னி நட்சத்திரத்தில். மகள் எழுதிக்கொடுத்த குறிப்பில் மூன்று வாரம் என்று இருந்தது. நம்பி வைத்துவிட்டேன். பத்தாம் நாள் மூடியைத் திறந்து ஒன்றை எடுத்தால் விரல் பட்ட இடத்திலேயே நசுங்கியது. தோல் மட்டும் கையில் நின்றது, உள்ளே கூழ். பார்த்துப் பார்த்துப் பொறுக்கிய ஒரு கிலோ பிஞ்சு. கண் கலங்கிவிட்டது.

அப்புறம்தான் விசாரித்தேன். அந்த மூன்று வாரம் 21லிருந்து 24 டிகிரி இருக்கிற வீட்டுக்கு. 27ஐத் தாண்டினாலே காய் மெத்தென்று ஆகிவிடுமாம். என் சமையலறை அன்றைக்கு 34. இங்கே நாள் கணக்குப் பார்க்கவே கூடாது. நாக்கும் மூக்கும்தான் கணக்கு. இதை எல்லாரிடமும் சொல்லிக்கொண்டே இருக்கிறேன்.

இப்போது போடுகிற விதம் இது. விரல் நீளப் பிஞ்சு ஒரு கிலோ, வாங்கிய அன்றைக்கே. ஒரு மணி நேரம் குளிர்ந்த தண்ணீரில் போட்டுவிட்டு, பூ இருந்த நுனியை ஒரு நூலளவு சீவிவிட வேண்டும். காயை இளக்குகிற நொதி அந்த நுனியில்தான் இருக்கிறது. காம்புப் பக்கம் எது, பூப்பக்கம் எது என்று சந்தேகம் வந்தால் இரண்டையும் சீவுங்கள், நஷ்டமில்லை. ஒரு லிட்டர் தண்ணீருக்குக் கல்லுப்பு 50 கிராம், தராசில் நிறுத்து. ஸ்பூன் கணக்கு வேண்டாம், கல் பெரிசும் சின்னதுமாக இருக்கும். பூண்டு இருபது பல் தட்டி, சதகுப்பை இரண்டு மேசைக்கரண்டி, கொஞ்சம் மிளகு, கடுகு, காய்ந்த மிளகாய் நாலு. பீங்கான் ஜாடியோ கண்ணாடி ஜாடியோ இருக்கட்டும். அலுமினியம், பித்தளை கூடவே கூடாது. பிஞ்சு மேலே மிதக்காமல் ஒரு சின்னப் பீங்கான் தட்டைக் கவிழ்த்து, அதன் மேல் தண்ணீர் நிரப்பிய பாட்டிலை வைத்துத் துணி கட்டிவிடுவேன்.

இரண்டாம் நாள் தண்ணீர் கலங்கும், ஓரத்தில் பொடிக்குமிழ் வரும். பயப்பட வேண்டாம், புளிக்கிறது என்று அர்த்தம். மூன்றாம் நாளிலிருந்து காலையும் மாலையும் ஒரு துண்டு சாப்பிட்டுப் பார்ப்பேன். கோடையில் மூன்று அல்லது நாலு நாள், மார்கழியில் ஆறேழு நாள். புளிப்பு பிடித்ததும் ஃபிரிட்ஜுக்குள் போய்விடும். அங்கேயும் மெதுவாக ஊறிக்கொண்டே இருக்கும். பச்சை நிறம் போய் மங்கின இலை நிறம் வரும்.

அம்பத்தூரிலிருந்து:

எங்கள் வீட்டில் பூண்டு நீலமாகிவிட்டது. பளிச்சென்ற நீலம், மயில் கழுத்து மாதிரி. மலைப்பூண்டு போட்டிருந்தேன். மாமியார் பார்த்துவிட்டு, “விஷம் ஏறிடுச்சு, கீழே கொட்டும்மா” என்றார். எனக்கும் கை நடுங்கியது. தெரிந்த உணவு வேதியியல் ஆசிரியை ஒருவரைக் கூப்பிட்டுக் கேட்டேன். பூண்டிலிருக்கும் கந்தகச் சேர்மங்கள் புளிப்பில் மாறி அந்த நிறம் வருகிறது, உடம்புக்கு ஒன்றும் செய்யாது என்றார். மாமியாருக்கு விளக்கிச் சொல்லி, நானே முதலில் சாப்பிட்டுக் காட்டினேன். மறுநாள் தயிர் சாதத்துக்கு அவரே ஒன்றை எடுத்துக்கொண்டார்.

இன்னொன்று. தமிழ்நாட்டிலும் கர்நாடகத்திலும் விளைகிற கெர்கின் (ஊறுகாய்க்கான குட்டி வெள்ளரி) பிஞ்சு பெரும்பாலும் ஏற்றுமதிக்கே போய்விடுகிறது. நமக்குக் கோயம்பேட்டில் கிடைக்கிற வெள்ளரிப்பிஞ்சுதான். விதை முற்றாததாகப் பார்த்து எடுத்தால் குறை ஒன்றுமில்லை.

பெரம்பூரிலிருந்து:

அப்பாவுக்கு ரத்தக் கொதிப்பு. அதனால் உப்பைப் பாதியாகக் குறைத்தேன். நல்லது செய்கிறோம் என்றுதான் நினைத்தேன். மூன்றாம் நாள் ஜாடியிலிருந்து சாக்கடை வாடை. உப்புக் குறைந்தால் கெட்ட கிருமிதான் முந்திக்கொள்கிறது என்று அப்போது புரிந்தது. இப்போது உப்பை முழுசாகப் போடுகிறேன்; அப்பாவுக்கு மாதத்தில் என்றைக்காவது, கழுவி, மெல்லிசாக இரண்டு வில்லை. அவ்வளவுதான்.

குழாய்த் தண்ணீரையும் கவனியுங்கள். குளோரின் வாடை அடிக்கிற நாளில் அப்படியே ஊற்றினால் புளிப்பு ஏறத் தாமதமாகலாம். நான் கொதிக்கவைத்து முழுக்க ஆறவிட்டுத்தான் ஊற்றுகிறேன்.

ஒருவர் கேட்டது: மேலே வெள்ளையாக ஆடை மாதிரி படிந்திருக்கிறது, தூக்கி எறியலாமா?

மந்தைவெளியிலிருந்து:

மெல்லிசாக, வழவழப்பில்லாமல், சுருக்கம் விழுந்த ஆடை என்றால் அது ஒருவகை ஈஸ்ட். சுத்தமான கரண்டியால் வழித்துவிட்டு, தட்டையும் கழுவிப் போட்டு, சீக்கிரம் ஃபிரிட்ஜில் வையுங்கள். பஞ்சு மாதிரி ரோமம் ரோமமாக, பச்சையோ கறுப்போ ரோஜா நிறமோ தெரிந்தால் மனசைத் தேற்றிக்கொண்டு ஜாடியோடு கொட்டிவிடுங்கள். மேலாக எடுத்துவிட்டு மிச்சத்தைச் சாப்பிடுகிற வேலை வேண்டவே வேண்டாம். பிஞ்சு வழவழவென்று இருந்தாலும் அப்படித்தான்.

பெரம்பூர்க்காரருக்கு ஒன்று: அப்பாவுக்கு வில்லையாக நறுக்கும்போது கூடவே ஊறின பூண்டு ஒரு பல்லையும் வைத்துப் பாருங்கள். காரம் அடங்கி, கடிக்க இதமாக இருக்கும். எங்கள் வீட்டில் ஜாடியில் முதலில் தீருவது அதுதான்.