எமர்ஜென்சில உங்க வீட்ல யாராச்சும் மிசால (விசாரணை இல்லாமலே புடிச்சு வைக்கிற சட்டம்) உள்ள போனாங்களா? அனுபவத்தை சொல்லுங்க

எங்க பெரியப்பா கிளைச் செயலாளரா இருந்தவர், டெல்டா பக்கம் ஊரு. 1975 ஜூன் 25 ராத்திரியே எமர்ஜென்சி போட்டாச்சு, ஆனா இங்க திமுக ஆட்சிங்கிறதால எங்க ஊர்ல பெருசா ஒண்ணும் தெரியலயாம், 1976 ஜனவரி 31 ஆட்சிய கலைச்சாங்க பாருங்க அதுக்கப்புறம்தான் எல்லாமே. "ஸ்டேஷன் வரைக்கும் வந்துட்டு போயிடுங்கண்ணே"ன்னு கூப்பிட்டுட்டு போனவங்க நேரா ஜெயில்ல கொண்டு போய் விட்டுட்டாங்க, மனு போட்டு பாக்கவே அப்பாயி அலையா அலைஞ்சிருக்கு. அந்த ஆர்டர் காபிய நான் பாத்திருக்கேன், சைக்ளோஸ்டைல்ல மொத்தமா நகலெடுத்த தாளு, பெரியப்பா பேரும் அவங்கப்பா பேரும் மட்டும் பேனால எழுதி ரொப்பியிருக்கு, என்ன பண்ணாருன்னு ஒரு வரி கிடையாது. மிசால 16ஏன்னு புதுசா ஒரு பிரிவை சேத்து காரணமே சொல்ல வேணாம்னு ஆக்கிட்டாங்க, அதான். இன்னிக்கு நெனச்சாலும் வயிறு எரியுது.

---

எங்கப்பா அச்சாபீஸ்ல கம்பாசிட்டர், ஈய எழுத்து கோக்கற வேலை. டிபென்ஸ் ஆப் இந்தியா ரூல்ஸ் படி சென்சார், புரூஃப் எடுத்துட்டு போய் அதிகாரி கிட்ட காட்டணும், அவர் அடிச்சத எடுத்துட்டு அந்த எடத்த வேற எதையாச்சும் போட்டு நிரப்பணும், வெள்ளையா விட்டா ஜனங்க புரிஞ்சிக்குவாங்கல்ல. கோத்த எழுத்தெல்லாம் மறுபடி பிரிச்சு எழுத்துப் பெட்டில போடறப்ப கை நடுங்கும்னு சொல்வாரு.

---

முதல்ல எழுதின தம்பிக்கு, நான் வக்கீல். உங்க பெரியப்பா ஹேபியஸ் கார்பஸ், அதாவது புடிச்சு வெச்ச ஆள கோர்ட்ல கொண்டாந்து நிறுத்தச் சொல்ற மனு, போட்டிருந்தாலும் நின்னுருக்காது. ஒன்பது ஹைகோர்ட் அந்த மாதிரி மனுவ விசாரிக்கலாம்னு சொன்னதை 1976 ஏப்ரல் 28 சுப்ரீம் கோர்ட் நாலுக்கு ஒண்ணுன்னு தூக்கிடுச்சு, எதிர்த்து எழுதின ஒரே ஆள் நீதிபதி கன்னா, அவருக்கு வரவேண்டிய தலைமை நீதிபதி பதவி ஜூனியருக்கு போச்சு, அவர் ராஜினாமா பண்ணிட்டாரு. அப்புறம் அரசியல் சட்டத்துல 44வது திருத்தம் வந்து, எமர்ஜென்சியே போட்டாலும் உயிர், தனிமனித சுதந்திரம் சொல்ற 21வது பிரிவுக்காக கோர்ட்டுக்கு போறத தடுக்க முடியாதுன்னு ஆச்சு, "உள்நாட்டுக் குழப்பம்"னு பொத்தாம்பொதுவா சொல்லி எமர்ஜென்சி போடவும் முடியாது, ஆயுதக் கிளர்ச்சியா இருக்கணும், கேபினட் எழுத்துல குடுக்கணும். ஆனா முன்னெச்சரிக்கையா புடிச்சு வைக்கிற சட்டம் எமர்ஜென்சி இல்லாமலே இன்னும் இருக்கு தம்பி, என்எஸ்ஏங்கிற தேசியப் பாதுகாப்புச் சட்டம், குண்டாஸ்ங்கிற குண்டர் சட்டம். குண்டாஸ்ல அஞ்சு நாளைக்குள்ள காரணத்தை எழுதிக் குடுத்தாகணும், நான் ஆர்டர் வந்ததும் முதல்ல அந்தத் தேதியத்தான் பாப்பேன், பாதி கேஸ் லேட்டா குடுத்ததுலயும் படிக்க முடியாத ஜெராக்ஸ் குடுத்ததுலயும்தான் ஒடையுது. அந்த ஆர்டர் காபிய தூக்கிப் போட்றாதீங்க, ஸ்கேன் பண்ணி வைங்க.