நீதிமன்ற அவமதிப்பு வழக்கை மீளப் பெறலாமா?

சட்டம் தெரிந்த உறவுகள் யாராவது சொல்லுங்கள். மாங்குளம் பக்கம் உள்ள எங்கள் வயல் காணியை அளந்து அனுமதிப்பத்திரம் தரும்படி மேன்முறையீட்டு நீதிமன்றம் கட்டளையிட்டும் அதிகாரிகள் அசையவில்லை. கட்டளையை மதிக்கவில்லை என்று நீதிமன்ற அவமதிப்பு வழக்குப் போட்ட பிறகுதான் நில அளவையாளர் வந்து கல்லு நட்டார்! போன கிழமை பத்திரமும் கிடைத்தது. அம்மா அதைச் சாமிப்படத்துக்குப் பின்னால் செருகி வைத்திருக்கிறா.

ஒவ்வொரு தவணைக்கும் இரவு பஸ் ஏறிக் கொழும்பு போய் வரக் கட்டாது. அதனால் வழக்கை மீளப் பெற யோசிக்கிறோம். ஆனால் இலங்கை அரசியலமைப்பின் 105(3) ஆம் உறுப்புரைப்படி அவமதிப்புக்குத் தண்டிப்பது நீதிமன்றத்தின் அதிகாரமாம். நாங்கள் வேண்டாம் என்றால் மட்டும் சரிவருமா? நகர்த்தல் பத்திரம் (நீதிமன்றத்துக்கு எழுத்தில் கொடுக்கும் விண்ணப்பம்) போதுமா, சத்தியக்கடதாசியும் வேண்டுமா? வழக்குச் செலவைக் கேட்கலாமா? இதே மாதிரி வழக்கை மீளப் பெற்றவர்கள் இருந்தால் கட்டாயம் எழுதுங்கள். அடுத்த தவணை கிட்ட வந்துவிட்டது.