"எனக்குப் பசிக்கிறது": இதில் எழுவாய் எது? ஆபீஸ் சண்டை, தீர்ப்புச் சொல்லுங்கள்

மஞ்சப்பை எழுதியது:

வணக்கம். கம்ப்யூட்டருக்குத் தமிழ் கற்றுக்கொடுக்க வாக்கியங்களைப் பிரித்துக் குறி போடும் வேலையில் நான்கு மாதமாக இருக்கிறேன். ஒவ்வொரு வாக்கியத்திலும் பயனிலையைப் பிடித்து, அதற்கு எழுவாய் எது, செயப்படுபொருள் எது என்று கோடு இழுத்துக் காட்ட வேண்டும், அவ்வளவுதான். "முருகன் மாம்பழம் தின்றான்" மாதிரி வந்தால் யோசிக்கவே வேண்டாம், கை தானாகப் போகும். போன வாரம் "எனக்குப் பசிக்கிறது" வந்தது. நான் 'எனக்கு' என்பதை எழுவாய் என்று குறித்தேன். பக்கத்து சீட்டில் இருக்கிறவள் எழுவாய் இடத்தையே காலியாக விட்டிருந்தாள். கேட்டால், "கு உருபு ஏறின சொல் எப்படிடா எழுவாய் ஆகும், ஆறாம் வகுப்பில் தூங்கினியா?" என்கிறாள். எங்களுக்குக் கொடுத்திருக்கும் கையேட்டில் இருப்பதெல்லாம் ஆங்கில வாக்கியம், அதில் இந்தத் தொல்லையே கிடையாது, 'ஐ' வந்து முன்னால் நின்றுவிடுகிறது. மேலே கேட்டால் "ரெண்டு பேரும் ஒரே மாதிரி போடுங்க, அது போதும்" என்று பதில்.

என் வாதம் இதுதான். பசி யாருக்கு? எனக்கு. அப்படியென்றால் வாக்கியம் என்னைப் பற்றியது, என் மனசில் அது உருவாகும்போது நான்தான் முன்னால் நிற்கிறேன். அது எழுவாய் இல்லை என்றால் வேறு எதைத்தான் எழுவாய் என்பது? "எனக்கு அவளைப் பிடிக்கும்", "அவனுக்கு நீச்சல் தெரியும்", "பாட்டிக்குக் கோபம் வந்தது" என்று இதே வகையில் நூற்றுக்கணக்கில் குவிந்து கிடக்கிறது. விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

ஓய்வு வாத்தியார் எழுதியது:

தம்பி, உங்கள் பக்கத்து சீட்டுப் பெண் சொன்னதில் பாதி சரி. உருபு ஏற்காமல் நிற்கும் பெயர்தான் எழுவாய். முதல் வேற்றுமைக்கே எழுவாய் வேற்றுமை என்றுதான் பேர். "எழுவாய் வேற்றுமை பெயர்தோன்று நிலையே" என்று தொல்காப்பியம் ஒரே வரியில் முடித்துவிட்டது. கு நான்காம் வேற்றுமை. அதற்கு நன்னூல் கொடை, பகை, நேர்ச்சி, தகவு, அதுவாதல், பொருட்டு, முறை என்று அடுக்கிவிட்டு, "ஆதியின் இதற்கு இது எனல்" என்று வாசலைத் திறந்தும் வைத்திருக்கிறது. எனக்குப் பசி, அவனுக்குக் கோபம் எல்லாம் அந்த வாசல் வழியாக உள்ளே வந்துவிடும்.

ஆனால் எழுவாயைக் காலியாக விடுவது தப்பு. "நேற்று வந்தான்" என்றால் 'அவன்' தோன்றா எழுவாய். அதே போல "பசிக்கிறது" என்றால் வயிறு. "வயிறு பசிக்குது" என்று சொல்லாத வீடு உண்டா? வினையும் அஃறிணை ஒருமை, வயிறும் அஃறிணை ஒருமை, பொருந்திவிட்டது. 'எனக்கு' எழுவாயாக இருந்தால் "பசிக்கிறேன்" என்றல்லவா வர வேண்டும்? நான் வகுப்பில் இப்படித்தான் சொல்லிக்கொடுத்தேன், எந்தப் பையனும் மறுத்துக் கேட்டதில்லை.

கயல்வரி எழுதியது:

ஐயா, உங்கள் வகுப்பில் நான் இல்லாமல் போய்விட்டேன் :) வயிறு நல்ல பதில்தான், ஆனால் "எனக்கு அவளைப் பிடிக்கும்" என்பதில் என்ன செய்வீர்கள்? 'எனக்கு' நான்காம் வேற்றுமை, 'அவளை' இரண்டாம் வேற்றுமை. உருபில்லாத பெயர் ஒன்றுகூட இல்லை, ஆனாலும் வாக்கியம் முழுசாக நிற்கிறது. பிடிப்பது எது, வயிறா?

மஞ்சப்பை, நான் மொழியியல் படித்துவிட்டு வேறு வேலைக்குப் போனவள், ஆனாலும் இந்த வாக்கியங்கள் என்னை விடவில்லை. நீங்கள் எழுவாய் என்பதை ஒரே பொருள் என்று நினைத்துத் தேடுகிறீர்கள். அது ஒரு மூட்டை. 1976-இல் எட்வர்ட் கீனன் என்பவர் பல மொழிகளை வைத்து அந்த மூட்டையை அவிழ்த்துக் காட்டினார். வெளியே தெரிகிற அடையாளங்கள் ஒரு பக்கம்: பெயரில் என்ன உருபு இருக்கிறது, வினைமுற்று யாரோடு ஒத்துப்போகிறது. வாக்கியத்துக்குள் அந்தப் பெயர் நடந்துகொள்ளும் விதம் இன்னொரு பக்கம்: 'தன்' என்று சொன்னால் யாரைக் குறிக்கும், ஒரு பெயரைச் சொல்லாமல் விட்டால் கேட்பவர் யாரை நினைத்துக்கொள்வார். "முருகன் மாம்பழம் தின்றான்" என்பதில் இத்தனையும் முருகன் தலையில்தான். அதனால்தான் உங்களுக்கு யோசிக்க வேண்டியிருக்கவில்லை.

இப்போது 'தன்' வைத்துப் பாருங்கள். "குமார் மாலாவுக்குத் தன் புத்தகத்தைக் கொடுத்தான்." யார் புத்தகம்? குமாருடையது. மாலாவுடையது என்று சொல்லவே முடியாது. சரி, இப்போது "மாலாவுக்குத் தன் தம்பியைப் பிடிக்காது." யார் தம்பி? மாலாவின் தம்பி. இரண்டிலும் அதே மாலாவுக்கு, அதே கு. முதல் வாக்கியத்தில் 'தன்' அவளைத் திரும்பியும் பார்க்கவில்லை, இரண்டாவதில் நேராக அவளிடம் போய் ஒட்டிக்கொண்டது. இலக்கணம் தெரியாத நாலு வயதுப் பிள்ளைகூட இப்படித்தான் புரிந்துகொள்ளும் என்று நினைக்கிறேன் (என் அக்கா மகளிடம் கேட்டேன், அவள் "தம்பி பாவம்" என்றாள், அது வேறு விஷயம்).

இன்னொன்று. "பசிக்காமல் சாப்பிடாதே" என்கிறோம். யாருக்குப் பசிக்காமல்? சாப்பிடுகிறவருக்கு. 'உனக்கு' என்று யாரும் சொல்லவில்லை, ஆனாலும் விடுபட்டது அதுதான் என்று எல்லோருக்கும் தெரிகிறது. ஆக உருபையும் வினைமுற்றையும் பார்த்தால் ஐயா ஜெயிக்கிறார், நடத்தையைப் பார்த்தால் நீங்கள் ஜெயிக்கிறீர்கள். மலையாளத்தில் வினைமுற்று ஆண், பெண், ஒருமை, பன்மை எதையும் காட்டாது, ஐயா சொன்ன 'பசிக்கிறேன்' வாதத்துக்கு அங்கே இடமே இல்லை. கே. பி. மோகனன் 1980-களின் தொடக்கத்திலேயே அந்த மொழியில் இப்படி வரும் கு பெயர் எழுவாய்தான் என்று வாதாடினார். எங்கேயோ இருக்கிற ஐஸ்லாந்து மொழியில்கூட நான்காம் வேற்றுமைப் பெயர் எழுவாய் மாதிரி நடந்துகொள்ளும், அது பற்றித் தனியாகவே பெரிய ஆராய்ச்சி உண்டு.

டீக்கடை பெஞ்சு எழுதியது:

மனைவிக்குத் தெலுங்கு. "நாக்கு ஆகலி வேஸ்தோந்தி" என்பார், அதுவும் 'எனக்கு' தான். பெங்களூரில் இருந்தபோது "நனகெ ஹசிவாகிதெ". இந்திக்காரரும் "முஜே பூக் லகீ ஹை" என்கிறார். ஆக எல்லோருக்கும் பசி வெளியிலிருந்துதான் வந்து சேர்கிறது போல. மேலே உள்ள விவாதம் பாதி புரிந்தது, தொடருங்கள்.

பாதி ராத்திரி எழுதியது:

மஞ்சப்பை "என் மனசில் நான்தான் முன்னால் நிற்கிறேன்" என்று எழுதியதை யாரும் தொடவில்லை. எனக்குப் பிடித்த இடம் அதுதான்.

முதலில் ஒரு குழப்பத்தை எடுத்துவிடுவோம். வாக்கியம் யாரைப் பற்றியது என்பதும் எழுவாய் எது என்பதும் வேறு வேறு. "அந்தப் புத்தகத்தை நேற்றே படிச்சு முடிச்சுட்டேன்" என்பது புத்தகத்தைப் பற்றிய பேச்சு, முன்னால் நிற்பதும் புத்தகம்தான், அதற்காகப் புத்தகம் எழுவாய் ஆகிவிடாது. அதனால் உங்கள் முடிவு சரியாக இருக்கலாம், காரணம் சரியில்லை.

மனசில் என்ன தங்குகிறது என்பதற்கு ஒரு பழைய சோதனை இருக்கிறது. 1967-இல் ஜாக்குலின் சாக்ஸ், தொலைநோக்கி கண்டுபிடிக்கப்பட்ட கதையை ஆட்களுக்குப் போட்டுக் காட்டினார். அதில் ஒரு வாக்கியம், ஒருவர் கலிலியோவுக்கு அதைப் பற்றிக் கடிதம் அனுப்பினார் என்று. கொஞ்ச நேரம் கழித்து ஒரு வாக்கியத்தை ஒலிக்கவிட்டு, கேட்டது இதேதானா, மாறியிருக்கிறதா என்று கேட்டார். உடனே கேட்டால் எந்த மாற்றத்தையும் கண்டுபிடித்தார்கள். நடுவில் 80 அசை அளவுக்கு, அதாவது அரை நிமிடம் மாதிரி, கதை ஓடிவிட்டால் போதும், சொற்களை முன்னே பின்னே மாற்றினாலும் செய்வினையைச் செயப்பாட்டு வினையாக ஆக்கினாலும் பெரும்பாலும் தெரியவில்லை. ஆனால் கலிலியோ அவருக்கு அனுப்பினார் என்று திருப்பிப் போட்டால் மாட்டிக்கொண்டார்கள். சொல் வரிசை கரைந்துவிட்டது, யார் யாருக்கு அனுப்பினார் என்பது கரையவில்லை. அதை வைத்துப் பார்த்தால் மனசு கடைசியில் பத்திரப்படுத்துவது எழுவாய் என்ற பட்டத்தைக்கூட இல்லை, ஏனென்றால் செய்வினையைச் செயப்பாட்டு வினை ஆக்கும்போது எழுவாயே மாறிப்போகிறது, அதையும் ஆட்கள் கவனிக்கவில்லை.

அப்படியானால் எழுவாய் எப்போது தேவைப்படுகிறது? கேட்டுக்கொண்டிருக்கும் அந்தச் சில நொடிகளில். நம் மொழியில் வினை கடைசியில் வருகிறது, அதுவரை மனசு கையைக் கட்டிக்கொண்டு சும்மா இருக்கும் என்று நினைத்தால் அது இல்லை. ஜப்பானிய மொழியும் நம்மைப் போல வினையைக் கடைசியில் வைப்பதுதான். 2003-இல் கமிடே, ஆல்ட்மன், ஹேவுட் மூவரும் ஒரு படத்தைக் காட்டிக்கொண்டே வாக்கியத்தை ஒலிக்கவிட்டு, ஆட்களின் கண் எங்கே போகிறது என்று அளந்தார்கள். படத்தில் பரிமாறும் பெண், வாடிக்கையாளர், ஒரு ஹாம்பர்கர். "பரிமாறும் பெண் வாடிக்கையாளருக்கு..." என்று கேட்டதுமே, வினை வருவதற்கு முன்பே, கண் ஹாம்பர்கருக்குப் போக ஆரம்பித்தது. "வாடிக்கையாளரை..." என்று கேட்டபோது அந்த அளவுக்குப் போகவில்லை. வெறும் உருபை வைத்தே மனசு அடுத்த ஆளுக்கு நாற்காலி போட்டுவிடுகிறது.

இப்போது நம் 'எனக்கு' என்ற ஒற்றைச் சொல்லோடு வாக்கியம் தொடங்கினால் என்ன ஆகும்? அது "எனக்கு அம்மா தோசை சுட்டுக் கொடுத்தாள்" என்றும் போகலாம், "எனக்குப் பசிக்கிறது" என்றும் போகலாம். ஒன்றில் நான் வாங்கிக்கொள்கிறவன், இன்னொன்றில் கயல்வரி சொன்ன மாதிரி பாதி எழுவாய்.

ஜோன் பிரெஸ்னன், ரொனால்ட் காப்லன் இருவரும் 1970-களின் கடைசியில் உருவாக்கிய இலக்கணக் கோட்பாடு இதற்கு வசதி. சொற்கள் எந்த வரிசையில், எந்தக் கூட்டமாக நிற்கின்றன என்பதற்கு ஒரு வரைபடம், எது எழுவாய், எது செயப்படுபொருள் என்பதற்குத் தனியாக இன்னொன்று, இரண்டுக்கும் நடுவில் பாலம். உருபு என்பது அந்தப் பாலத்தைக் காட்டும் ஒரு தடயம் மட்டும்தான், ஒரே தடயம் இரண்டு இடத்துக்குக் கூட்டிப் போகலாம்.

ஓய்வு வாத்தியார் எழுதியது:

கயல்வரி அம்மா, 'தன்' வைத்துக் காட்டியது யோசிக்க வைத்தது. நானும் உங்கள் பக்கத்துக்கு ஒரு கட்டை எடுத்துப் போடுகிறேன். 'வந்து', 'பெய்து' மாதிரி முடியாமல் நிற்கும் செய்து என்னும் எச்சத்தைப் பற்றித் தொல்காப்பியம் "வினைமுதல் முடிபின" என்கிறது, அதாவது எச்சத்துக்கும் அதை முடிக்கும் வினைமுற்றுக்கும் வினைமுதல், அதாவது செய்கிறவர், ஒன்றாக இருக்க வேண்டும். "எனக்குக் கோபம் வந்து கத்திவிட்டேன்" என்று சாதாரணமாகச் சொல்கிறோம். கத்தியது நான். கோபம் வந்தது என்பதற்கும் 'எனக்கு' தான் வினைமுதல் என்று வைத்தால் விதி பொருந்துகிறது.

கயல்வரி எழுதியது:

ஐயா, கட்டைக்கு நன்றி, ஆனால் அதை நானே உருவ வேண்டியிருக்கிறது. "மழை பெய்து குளம் நிறைந்தது" சரிதானே? அங்கே இரண்டும் வேறு வேறு, காரண காரியம் என்பதால் ஓடுகிறது. கோபம் வந்து கத்தியதும் அதே காரண காரியம், அதனால் அது சாட்சியாக நிற்காது. காரணம் இல்லாமல் சும்மா அடுத்தடுத்து நடந்ததைச் சொல்லிப் பாருங்கள்: "வீட்டுக்கு வந்து எனக்குப் பசித்தது." என் காதுக்கு இடிக்கிறது, "வந்ததும்" என்றால்தான் சரியாகிறது. இந்த இடத்தில் 'எனக்கு' முழு எழுவாயாக நடந்துகொள்ளவில்லை. நான் முன்பு சொன்னதைவிட மூட்டை இன்னும் கொஞ்சம் பிரிந்துதான் கிடக்கிறது.

மஞ்சப்பை எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. நேற்று இதை அப்படியே காட்டி மேலே பேசினோம். 'எழுவாய்' குறியைத் தொடாமல், கு உருபோடு வந்து 'தன்' சோதனையில் தேறும் பெயருக்குப் புதிதாக ஒரு குறி வைக்க அனுமதி கிடைத்துவிட்டது. பசி, பிடிக்கும், தெரியும், கோபம் எல்லாம் அதற்குள் போகும். பக்கத்து சீட்டும் சம்மதித்தாள், அவள் விட்டுவைத்த காலி இடமும் அப்படியே காலியாக இருக்கும் என்ற நிபந்தனையில். ஐயாவின் வயிறு, அது எழுதப்பட்டிருக்கும் வாக்கியங்களில் மட்டும் எழுவாய்.

ஆனால் இன்று காலை முதல் வாக்கியமே "எனக்கு ரெண்டு தங்கைகள் இருக்கிறார்கள்". இதில் வினை தங்கைகளோடு ஒத்துப்போகிறது, உருபும் இல்லை, அதனால் தங்கைகள்தான் எழுவாய் என்கிறாள் அவள். நான் 'எனக்கு' பக்கம் புதுக் குறியைப் போட்டுவிட்டேன்.

ஓய்வு வாத்தியார் எழுதியது:

தங்கைகள்தான். இதில் எனக்குச் சந்தேகமே இல்லை தம்பி, குறியை அழித்துவிடுங்கள்.

கயல்வரி எழுதியது:

அழிக்க வேண்டாம், பொறுங்கள். "மாலாவுக்குத் தன் ஊரில் ரெண்டு வீடு இருக்கிறது." யார் ஊர்?