கேடிஎம்முக்கு முதல் உலகப் பட்டம் வாங்கித் தந்தவர் ஒரு சோவியத் வீரரா?

மண்சக்கரம்:

பழைய மோட்டோகிராஸ் (மேடு பள்ளமான மண் பாதையில் ஓட்டும் மோட்டார் சைக்கிள் பந்தயம்) படங்களைச் சேர்த்து வைப்பது எனக்கு ஒரு பைத்தியம். நேற்று ஒரு கலர் படம் கிடைத்தது. 250 சிசி கேடிஎம், முன்னால் பச்சைப் பலகையில் வெள்ளை எண், மேட்டிலிருந்து தாவுகிற ஆளின் மார்பில் சிசிசிபி என்று கொட்டை எழுத்து. கீழே ‘மொய்செயெவ், 1978’ என்பதைத் தவிர வேறு குறிப்பு இல்லை.

தேடிப் பார்த்தால், கேடிஎம்முக்கு முதல் உலகப் பட்டம் வாங்கித் தந்ததே இவர்தானாம். எனக்கு இரண்டு சந்தேகம். பனிப்போர் நடந்துகொண்டிருந்த நேரத்தில் ஒரு சோவியத் வீரர் ஆஸ்திரியக் கம்பெனி வண்டியில் எப்படி ஓட்டினார்? அடுத்தது, இவர் பெயர் வருகிற இடத்தில் எல்லாம் யாராவது ஒருவர் வந்து ‘திருட்டுப் பட்டம்’ என்று எழுதிவிட்டுப் போகிறார். என்ன கதை அது?

டூஸ்ட்ரோக் துரை:

கேடிஎம் விஷயம் உண்மைதான். கென்னாடி மொய்செயெவ் 1974, 1977, 1978 என்று மூன்று முறை 250 சிசி உலக சாம்பியன். மூன்றும் கேடிஎம்மில். பலகை நிறத்தைப் பார்த்தே வகுப்பைச் சொல்லிவிடலாம்: 125க்குக் கறுப்பு, 250க்குப் பச்சை, 500க்கு மஞ்சள்.

ஆனால் 1974ஐ நான் கணக்கில் சேர்க்க மாட்டேன். அந்த சீசனின் கடைசிப் பந்தயம் சுவிட்சர்லாந்தில், வோலன் என்ற ஊரில். பட்டத்துக்குப் போட்டி மொய்செயெவுக்கும் செக் வீரர் யாரோஸ்லாவ் ஃபால்டாவுக்கும். ஃபால்டா ஓட்டியது அவர் நாட்டு வண்டியான சிஇசட். மொய்செயெவின் அணிக்காரர்கள் ஃபால்டாவை மறித்தார்கள், இடித்துத் தள்ளப் பார்த்தார்கள் என்பது செக் தரப்பின் குற்றச்சாட்டு. விழுந்து எழுந்து ஓட்டிய மனுஷன் கடைசியில் ஜெயித்தும் விட்டார். பட்டம் அவருக்குத்தான் என்று எல்லாரும் கைகுலுக்கிக்கொண்டிருக்கும்போது சோவியத் தரப்பு புகார் கொடுக்கிறது: ஃபால்டா ஸ்டார்ட்டில் முந்திவிட்டாராம். பந்தயம் முடிந்து இரண்டு மணி நேரம் ஆன பிறகு! நடுவர் குழு ஒரு நிமிடம் அபராதம் போட்டது. பட்டம் கைமாறியது. அதே ஆண்டு லாஸ் ஏஞ்சலஸ் கொலிசியம் மைதானத்தில் அமெரிக்கர்களை அவர்கள் ஊரிலேயே தோற்கடித்தவர் இந்த ஃபால்டா. உலகப் பட்டம் மட்டும் அவருக்குக் கடைசிவரை கிடைக்கவே இல்லை. இதை வேறு என்ன பெயர் சொல்லி அழைப்பது?

நேவாக்கரை:

மண்சக்கரம் தம்பி, முதலில் ஒன்று. அந்த எழுத்து சிசிசிபி இல்லை. ரஷ்ய எழுத்தில் சி மாதிரி இருப்பது ‘எஸ்’, பி மாதிரி இருப்பது ‘எர்’. எஸ்-எஸ்-எஸ்-எர் என்று படிக்க வேண்டும். சோவியத் ஒன்றியம் என்பதன் ரஷ்யச் சுருக்கம் அது. நானும் லெனின்கிராடில் போய் இறங்கிய முதல் நாள் சிசிசிபி என்று சொல்லி விடுதிக் காவல்காரப் பாட்டியைச் சிரிக்க வைத்தவன்தான்.

1976 முதல் ஆறு வருடம் அங்கே இன்ஜினியரிங் படித்தேன். மொய்செயெவ் லெனின்கிராட்காரர், ராணுவ விளையாட்டுக் கிளப்பின் வீரர் என்பதெல்லாம் அந்த ஊர்ப் பையன்கள் சொல்லித்தான் எனக்குத் தெரியும். என் அறைத்தோழன் ஊஃபா என்ற ரஷ்ய நகரத்திலிருந்து வந்தவன். அவனிடம் மோட்டார் சைக்கிள் என்று வாயைத் திறந்தாலே கப்த்ராக்மான் கதீரொவ் புராணம் ஆரம்பித்துவிடும். கதீரொவ் அவன் ஊர்க்காரர், ஐஸ் ஸ்பீட்வேயில் ஆறு முறை உலக சாம்பியன். ஆணி பதித்த டயர், பிரேக்கே இல்லாத வண்டி, உறைந்த பனியில் இடது முழங்கால் தரையைத் தொடுகிற அளவுக்குச் சாய்ந்து ஓட்டுவார்கள். “உங்கள் மொய்செயெவ் சேற்றில் உருளுகிறவர், எங்கள் ஆள் கண்ணாடி மேல் நடக்கிறவர்” என்பான். மோட்டோகிராஸ் பக்கம் நான் சாய்ந்ததே அவனோடு சண்டை போடுவதற்காகத்தான்.

சரி, கேடிஎம் கதைக்கு வருகிறேன். சோவியத் நாட்டில் மோட்டார் சைக்கிள் தொழிற்சாலைகளுக்குப் பஞ்சம் இல்லை. இஷெவ்ஸ்க், கொவ்ரோவ் என்று லட்சக்கணக்கில் வண்டி செய்தார்கள். கிராமத்துக்கு உருளைக்கிழங்கு மூட்டை ஏற்றிப் போக அந்த வண்டிகள் போதும். உலகப் போட்டியில் நாற்பது நிமிடத்துக்கு மேல் முழு வேகத்தில் ஓடி, இளைப்பாறிவிட்டு இன்னொரு முறை அதே மாதிரி ஓட அவை தாங்காது. அதனால் அரசே வெளிநாட்டில் வண்டி வாங்கியது. முதலில் செக்கோஸ்லோவாக்கியாவின் சிஇசட். நாட்டுக்கு முதல் மோட்டோகிராஸ் உலகப் பட்டமும் சிஇசட்டில்தான் வந்தது: 1965இல் விக்டர் அர்பேகொவ், அதுவும் முந்தின வருட சாம்பியன் ஜோயல் ராபர்ட்டைத் தாண்டி. அந்த ராபர்ட் பிறகு 1968 முதல் 1972 வரை ஐந்து வருடம் வேறு யாரையும் பட்டத்துக்குப் பக்கத்தில் விடவில்லை. அர்பேகொவ் பிற்காலத்தில் கவிஞரானார் என்பது எனக்குப் பிடித்த தகவல்.

எழுபதுகளில் கேடிஎம்முக்கு மாறினார்கள். மட்டிக்ஹோஃபன் என்ற சின்ன ஊரில் இருந்த சின்னக் கம்பெனி, சொந்தமாக இன்ஜின் செய்ய ஆரம்பித்தே சில வருடம்தான் ஆகியிருந்தது. ஆஸ்திரியா நடுநிலை நாடு, மாஸ்கோவோடு வியாபாரம் செய்வதில் அதற்குச் சங்கடம் இல்லை. கம்பெனிக்குப் பெயர் வேண்டும், இவர்களுக்கு நல்ல வண்டி வேண்டும். பனிப்போரை நாம் ஒரு சுவர் மாதிரி நினைக்கிறோம். அதில் நிறையக் கதவு இருந்தது.

துரை சாருக்கு: வோலன் விஷயத்தில் உங்களோடு நான் சண்டைக்கு வரவில்லை. ஸ்டார்ட்டில் ஒருவர் முந்தினால் அதை அந்த நொடியே பார்த்துச் சொல்ல வேண்டும். இரண்டு மணி நேரம் கழித்து ஞாபகம் வருவது நியாயம் இல்லை. சோவியத் டாங்கிகள் செக் தலைநகர் பிராகாவுக்குள் புகுந்து ஆறு வருடம்தான் ஆகியிருந்தது. செக்காரர்களுக்கு அது வெறும் பந்தயமாக இருந்திருக்க முடியாது. லெனின்கிராடிலேயே 1974 பற்றிக் கேட்டால் பேச்சை 1977க்கு மாற்றிவிடுவார்கள்.

ஆனால் அதோடு ஆளை முடித்துவிடுவதுதான் எனக்கு உறுத்துகிறது. 1975இல் ஹாரி எவர்ட்ஸ், 1976இல் ஹெய்க்கி மிக்கோலா என்று பட்டம் வேறு கைக்குப் போனது. அதற்குள் விளையாட்டே மாறிக்கொண்டிருந்தது. 1973இல் யமஹா பின்னால் ஒற்றை ஷாக் வைத்து ஹோகன் ஆண்டர்சனைச் சாம்பியன் ஆக்கியதிலிருந்து, சஸ்பென்ஷன் நீளும் தூரம், அதாவது சக்கரம் மேலும் கீழும் அசையும் அளவு, வருடா வருடம் கூடிக்கொண்டே போனது. முன்பு பள்ளத்தைச் சுற்றிப் போனவர்கள் இப்போது அதன் மேலேயே பறந்தார்கள். பழைய பாணியில் உட்கார்ந்து ஓட்டியவர்கள் பலர் அந்த இரண்டு மூன்று வருடத்தில் காணாமல் போனார்கள். மொய்செயெவ் புது வண்டிக்கு ஏற்ப ஓட்டும் விதத்தையே மாற்றிக்கொண்டு 1977இல் திரும்பி வந்து ஜெயித்தார். இரண்டாவது இடம் அவர் அணியின் விளாதிமிர் கவினொவுக்கு. 1978இல் மறுபடியும் அவரே. அதே 1978இல் நாடுகளுக்கு இடையேயான மோட்டோகிராஸ் பட்டத்தையும் சோவியத் அணி வென்றது. முந்தின வருடமும் அடுத்த வருடமும் பெல்ஜியம், நடுவில் இவர்கள். அந்த மூன்று பட்டத்தையும் எந்த நடுவர் குழு கொடுத்தது?

இன்னொரு வேடிக்கை. மொய்செயெவ் 250இல் பட்டம் வென்ற அதே மூன்று வருடங்களிலும் 500 சிசி பட்டம் மிக்கோலாவுக்கு. பின்லாந்துக்காரரும் லெனின்கிராட்காரரும், ஒரே வளைகுடாவின் இரண்டு பக்கம்.

மண்சக்கரம்:

ரொம்ப நன்றி ஐயா. அந்த எழுத்தை இத்தனை வருடம் தப்பாகவே படித்திருக்கிறேன்! இன்னும் ஒரு கேள்வி. மூன்று முறை உலக சாம்பியன் என்றால் மேற்கில் பெரிய பணக்காரர் ஆகியிருப்பார். இவருக்கு என்ன கிடைத்தது? நீங்கள் நேரில் பார்த்திருக்கிறீர்களா?

நேவாக்கரை:

அவரை நேரில் பார்த்ததில்லை தம்பி. விடுதிப் பொது அறையில் இருந்த கறுப்பு வெள்ளை டிவியில்தான். மற்றபடி ‘ஸா ருல்யோம்’ பத்திரிகையில் பொடி எழுத்தில் வரும் முடிவுப் பட்டியல்.

ஆனால் ஒரு குளிர்காலப் பந்தயம் பார்த்தேன். 1978 பிப்ரவரி, ஊருக்கு வெளியே ஒரு சரிவில், கிளப் அளவிலான போட்டி. குளிர் மைனஸ் பதினைந்து இருக்கும். பனி மேல் டூஸ்ட்ரோக் புகை நீலமாகப் படிந்து போகவே மாட்டேன் என்கிறது. இரண்டு ஓட்டத்துக்கும் நடுவில் வேலிக்கு மிக அருகில் ஒரு பையன் வண்டியை நிறுத்தினான், பதினெட்டு வயதுக்கு மேல் இருக்காது. கிளட்ச் லீவரைப் பிடித்த நான்கு விரலும் அப்படியே மடங்கி நின்றுவிட்டன, விரிக்க முடியவில்லை. மெக்கானிக் ஒவ்வொரு விரலாகப் பிடித்து விரித்துவிட்டார். அப்புறம் ஒரு சின்னச் சுத்தியலை எடுத்து கால் வைக்கும் ஃபுட்பெக்கில் உறைந்திருந்த சேற்றுப் பனியைத் தட்டி உதிர்த்தார். பையன் அழவில்லை, சிரிக்கவும் இல்லை, வண்டியையே பார்த்துக்கொண்டிருந்தான்.

அந்த வண்டியின் ஃபிரேமில், டேங்குக்குக் கீழே, வெள்ளைப் பெயிண்டில் ஒரு எண் எழுதியிருந்தது. பந்தய எண் இல்லை. எங்கள் விடுதியில் நாற்காலி, கட்டில், மேசை விளக்கு எல்லாவற்றிலும் இதே மாதிரி எண் இருக்கும். சரக்குப் பதிவேட்டு எண். வண்டி கிளப்பின் சொத்து, பையன் அதில் ஓட்டுகிறவன்.

உங்கள் கேள்விக்குப் பதில் அங்கேதான் இருக்கிறது. அந்த நாட்டில் தொழில்முறை வீரர் என்று யாரும் கிடையாது, காகிதத்தில் எல்லாரும் அமெச்சூர். ஒருவர் ராணுவத்தில் சம்பளம் வாங்குவார், இன்னொருவர் தோசாஃப் என்ற அமைப்பில் பயிற்சியாளர் என்ற பெயரில் வாங்குவார். தோசாஃப் என்பது ராணுவத்துக்கு ஆதரவான தன்னார்வச் சங்கம். மோட்டார் சைக்கிள், பாராசூட், ரேடியோ என்று இளைஞர்களைப் பழக்கியது அதுதான். வெளிநாட்டில் வாங்குகிற பரிசுப் பணத்தில் பெரும்பகுதி ஊர் திரும்பியதும் அரசு விளையாட்டுத் துறைக்குப் போய்விடும். பதிலுக்கு ‘மதிப்புமிகு விளையாட்டு மாஸ்டர்’ பட்டம், நல்ல வீடு, கார் வாங்க வரிசையில் முன்னிடம், எல்லாவற்றுக்கும் மேலாக வெளிநாட்டுப் பயணம். எனக்கு மாதம் 90 ரூபிள் உதவித்தொகை, அந்த ஊர்ப் பையன்களுக்கு அதில் பாதிகூட இல்லை. ஆஸ்திரியாவுக்கும் பெல்ஜியத்துக்கும் போய் வருகிறவர் அவர்கள் கண்ணுக்கு எப்படித் தெரிவார் என்று பாருங்கள்.

ஆனால் உலக சாம்பியன் ஆசைப்பட்டாலும் தான் ஜெயித்த வண்டியைக் கடையில் வாங்க முடியாது. அந்த நாட்டில் அதற்குக் கடையே இல்லை.

டூஸ்ட்ரோக் துரை:

1977, 1978 பற்றி நான் ஒரு வார்த்தை சொல்லவில்லையே ஐயா. அவை இரண்டும் சுத்தமான பட்டம், ஒப்புக்கொள்கிறேன். 1974ஐ மட்டும் ஃபால்டாவுக்கே எழுதிவைத்திருக்கிறேன், என் நோட்டில். அங்கே எந்த நடுவர் குழுவும் வராது.

கேடிஎம் பக்கம் ஒரு பின்கதை உண்டு. மொய்செயெவுக்குப் பிறகு 250 பட்டம் அந்தக் கம்பெனிக்குத் திரும்ப ஆறு வருடம் ஆனது. 1984இலும் 1985இலும் ஹைன்ஸ் கினிகாட்னர் வென்றார். அவர் ஆஸ்திரியர். அதாவது சொந்த நாட்டுக்காரர் ஒருவர் ஜெயிப்பதற்கு முன்னால் அவர்களுக்கு மூன்று முறை ஜெயித்துக் கொடுத்தது கம்யூனிஸ்ட் நாட்டு ராணுவ வீரர்.

நேவாக்கரை:

அந்த நோட்டை எனக்கும் காட்டுங்கள் துரை சார், நான் வோலன் பக்கத்தில் கையெழுத்துப் போடுகிறேன்.

1979இல் ஹோகன் கார்ல்க்விஸ்ட், 1980இல் ஜார்ஜ் ஜோபே என்று அடுத்த தலைமுறை வந்துவிட்டது. மொய்செயெவுக்கு அப்போது வயது முப்பதைத் தாண்டிவிட்டது. அதற்குப் பிறகு எந்த சோவியத் வீரரும் 250 பட்டத்தைத் தொடவில்லை. அவர் 2017இல் காலமானார். செய்தியைப் படித்ததும் ஊஃபா நண்பனுக்கு போன் போட்டேன். நாற்பது வருடம் கழித்து அவன் முதல் முறையாக, “சேற்றில் நன்றாகத்தான் ஓட்டினார்” என்றான்.

மண்சக்கரம்:

ஐயா, நீங்கள் சொன்னதும் படத்தை முடிந்த மட்டும் பெரிதாக்கிப் பார்த்தேன். டேங்குக்குக் கீழே ஃபிரேமில் வெள்ளையாக ஏதோ இருக்கிறது. எண்ணா, கல் பட்டுப் பெயிண்ட் உதிர்ந்த இடமா என்று தெரியவில்லை. பாதிக்கு மேல் சேறு மூடியிருக்கிறது.