சமைத்த நாய் உணவைச் சந்தாவில் விற்கும் கம்பெனிகள் எப்படி இவ்வளவு வளர்ந்தன?

எடிசன்வாசி:
வணக்கம் நண்பர்களே. நியூ ஜெர்சியில் இருக்கிறோம். வீட்டில் மணி என்று ஒரு பீகிள், 26 பவுண்டு. என் மனைவி த ஃபார்மர்ஸ் டாக் என்ற கம்பெனியின் சமைத்த உணவுக்குச் சந்தா போட்டதிலிருந்து எங்கள் ஃப்ரீசரில் பாதி இடம் மணிக்குத்தான். தட்டில் ஒரு பருக்கை மிச்சம் வைப்பதில்லை, அதனால் உணவைப் பற்றி எனக்குக் குறை இல்லை. புரியாதது வியாபாரம்தான். இறைச்சியையும் காய்கறியையும் சமைத்து, உறையவைத்து, உலர் பனி (டிரை ஐஸ்) போட்டு வீட்டு வாசல் வரை அனுப்புகிறார்கள். காஸ்ட்கோவில் மூட்டை உலர் உணவு இதைவிடப் பல மடங்கு மலிவு. இருந்தும் எங்கள் தெருவில் பல வாசல்களில் இந்தப் பெட்டியைப் பார்க்கிறேன். 2023 சூப்பர் பவுல் (அமெரிக்கக் கால்பந்து இறுதிப் போட்டி) ஒளிபரப்பில் வந்த அவர்கள் விளம்பரம்தான் காரணம் என்கிறார் ஆபீஸ் நண்பர். அது மட்டும் போதாது என்று தோன்றுகிறது. விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

கிடங்கு செல்வம்:
பென்சில்வேனியாவில் உறைநிலைக் கிடங்கு ஒன்றில் வேலை பார்க்கிறேன். ஐஸ்கிரீம், மீன், நாய் உணவு எல்லாம் எங்கள் கதவு வழியாகத்தான் போகிறது. அந்த அனுபவத்தில் சொல்கிறேன்.

விளம்பரம் அருமையானது. சூப்பர் பவுல் விளம்பரங்களுக்கு யுஎஸ்ஏ டுடே பத்திரிகை நடத்தும் வாக்கெடுப்பில் அந்த வருஷம் முதலிடம் வாங்கியது. ஆனால் கம்பெனி ஆரம்பித்தது 2014இல். பிரெட் பொடோல்ஸ்கி என்பவரின் ராட்வைலருக்கு ஓயாத வயிற்றுக் கோளாறு. வீட்டில் சமைத்துப் போட்டபின் சரியானது. அவரும் நண்பர் ஜொனாதன் ரெகெவும் அதையே தொழிலாக்கினார்கள். சூப்பர் பவுலில் விளம்பரம் போடும் அளவுக்குக் காசு சேர்ந்ததே அதற்கு முன்பு நடந்த வளர்ச்சியால்தான்.

அந்த வளர்ச்சிக்கு வேர், சேரும்போது உங்கள் மனைவி நிரப்பிய கேள்விப் படிவம் என்பேன். நாயின் வயது, எடை, இனம், எவ்வளவு ஓடியாடும் என்று கேட்டிருப்பார்கள். அதை வைத்து மணிக்கு ஒரு நாளைக்கு எவ்வளவு வேண்டும் என்று கணக்குப் போட்டுவிடலாம். அடுத்த மாதமும் ஏறக்குறைய அதே அளவுதான். சூப்பர் மார்க்கெட்டுக்குச் சமைத்த உணவை அனுப்புகிறவர் எவ்வளவு விற்கும் என்று ஊகித்துத்தான் அனுப்ப வேண்டும், விற்காதது குப்பைக்குப் போகும். சந்தாக் கம்பெனிக்கு எத்தனை நாய்கள் எத்தனை கிராம் சாப்பிடப் போகின்றன என்பது அடுப்பைப் பற்றவைக்கும் முன்பே தெரியும். சீக்கிரம் கெட்டுப்போகும் பொருளை விற்கிறவருக்கு இதைவிடப் பெரிய வரம் கிடையாது.

மனிதர்களுக்குச் சமையல் பொருட்களைப் பெட்டியில் அனுப்பிய புளூ ஏப்ரனைப் பாருங்கள். அதுவும் சந்தாதான், அதுவும் ஐஸ் வைத்த பெட்டிதான். 2017இல் பங்குச்சந்தைக்கு வந்தது. 2023இல் சுமார் 10 கோடி டாலருக்குக் கைமாறியது. மனிதனுக்குச் சலித்துவிடும், ஊருக்குப் போவான், வெள்ளிக்கிழமை பீட்சா வாங்குவான். நாய் தினமும் அதே கிண்ணத்துக்கு அதே ஆசையோடு வரும், பத்துப் பன்னிரண்டு வருஷம் வரும். அதனால்தான் முதல் பெட்டியைப் பாதி விலைக்குக் கொடுத்து இழுக்கிறார்கள். ஆரம்பத்தில் விட்ட காசு பின்னால் வந்துவிடும் என்ற தைரியம்.

கஷ்டம் எங்கே என்றால் தண்ணீரில். மூட்டை உணவில் ஈரம் நூற்றுக்குப் பத்து இருக்கும், சமைத்த உணவில் எழுபது. அதாவது பெட்டியின் எடையில் பெரும்பங்கு தண்ணீர். அதை உறைந்த நிலையிலேயே கொண்டுபோய்ச் சேர்க்க மைனஸ் 78 டிகிரி செல்சியஸில் இருக்கும் உலர் பனி வேண்டும். ஜூலை வெயிலில் லாரி ஒரு நாள் தாமதமானால் அந்தப் பெட்டி வீண். அதற்குப் பதில் பெட்டியையும் கம்பெனிதான் அனுப்ப வேண்டும். கிடங்கும் வண்டியும் சரியாக ஓடாவிட்டால் எந்த விளம்பரமும் காப்பாற்றாது. இதை நான் தினமும் கண்ணால் பார்க்கிறேன்.

மீனா டாலஸ்:
கால்நடை மருத்துவமனையில் டெக்னீஷியனாக இருக்கிறேன். செல்வம் அண்ணா சொன்னதோடு 2007ஐயும் சேர்க்க வேண்டும். சீனாவிலிருந்து வந்த கோதுமைப் புரதத்தில் (குளூட்டன்) மெலமைன் என்ற தொழிற்சாலை ரசாயனம் கலந்திருந்ததால் நூற்றுக்கும் மேற்பட்ட பிராண்டுகளின் உணவைத் திரும்பப் பெற்றார்கள். ஏராளமான நாய்களும் பூனைகளும் சிறுநீரகம் செயலிழந்து இறந்தன. எங்கள் சீனியர் டாக்டர் இன்றும் அதைப் பேசும்போது குரல் மாறிவிடும். மூட்டைக்குள் என்ன இருக்கிறது என்று ஜனங்கள் கேட்க ஆரம்பித்தது அப்போதுதான். கண்ணால் பார்த்தால் கேரட் கேரட்டாகத் தெரியும் உணவுக்கு வாசல் திறந்ததும் அதனால்தான்.

நம்மவர்கள் பலர், "இதற்கு எதற்குக் காசு, கோழியும் சோறும் நானே போடுகிறேன்" என்பார்கள். அன்பாகச் செய்கிறார்கள், ஆனால் கால்சியம், துத்தநாகம் எல்லாம் குறைந்துபோகும். கலிஃபோர்னியாவின் யூசி டேவிஸ் பல்கலைக்கழகத்தில் 200 வீட்டுச் சமையல் குறிப்புகளைச் சோதித்து 2013இல் வெளியிட்டார்கள். 95 சதவீதத்தில் ஏதாவது ஒரு சத்தாவது குறைவு. வெங்காயம், திராட்சை சேர்த்தால் ஆபத்து வேறு.

அதே சமயம், சமைத்த உணவு சாப்பிட்டால் ஆயுள் கூடும் என்று யாராவது சொன்னால் நம்பிவிடாதீர்கள். ஆயுளுக்கு நல்ல ஆதாரம் இருப்பது அளவைப் பற்றித்தான். 48 லாப்ரடார்களை வாழ்நாள் முழுக்கக் கவனித்தார்கள். கால் பங்கு குறைவாகச் சாப்பிட்டவை மற்றவற்றைவிட ஏறக்குறைய இரண்டு வருஷம் அதிகம் வாழ்ந்தன. அந்த ஆய்வில் கொடுத்தது உலர் உணவுதான். எங்களிடம் வரும் நாய்களில் எடை கூடிப்போனவை நிறைய. அளந்து வரும் பாக்கெட்டால் சில நாய்கள் இளைத்து, நன்றாக நடப்பதைப் பார்த்திருக்கிறேன். இந்தச் சந்தாவில் எனக்குப் பிடித்த விஷயம் அதுதான்.

எடிசன்வாசி:
இருவருக்கும் மிக்க நன்றி. ஒரு கேள்வி மிச்சம். பெரிய கம்பெனிகள் இதைச் சும்மா பார்த்துக்கொண்டு இருக்குமா?

கிடங்கு செல்வம்:
இருக்கவில்லை. சாக்லேட்டும் நாய் உணவும் விற்கும் மார்ஸ், இதேபோல் சமைத்த உணவைச் சந்தாவில் அனுப்பும் "நாம் நாம்" (Nom Nom) என்ற கம்பெனியை 2022இல் வாங்கிவிட்டது. புளூ பஃபலோ என்ற நாய் உணவு பிராண்டை வைத்திருக்கும் ஜெனரல் மில்ஸ் 2025இல் குளிரூட்டிய நாய் உணவைக் கடைக்குக் கொண்டுவந்தது.

ஆனால் இன்னொரு பாதையை முதலில் போட்டது உங்கள் நியூ ஜெர்சியின் ஃப்ரெஷ்பெட். 2006இல் ஆரம்பித்தவர்கள். தபாலே வேண்டாம் என்று கடைகளுக்குள் தங்கள் சொந்தக் குளிர்பெட்டியைக் கொண்டுபோய் வைத்தார்கள். எங்கள் மாநிலத்தில் பெத்லஹேமிலும் அவர்கள் சமையல்கூடம் இருக்கிறது. 2024இல் விற்பனை 97 கோடி டாலரைத் தாண்டியது. தண்ணீரைப் பெட்டி பெட்டியாக அனுப்புவதைவிட ஒரு லாரியில் கடைக்கு அனுப்புவது மலிவு. கிரேட் டேன் மாதிரி பெரிய நாய் வளர்ப்பவருக்குத் தபால் சந்தா கட்டுப்படியாகாது, அவர் கடைக்குப் போவார், அல்லது உலர் உணவோடு கலந்து போடுவார். சந்தாக்காரர்களுக்கு நிலைத்து நிற்கப்போவது மணி மாதிரி சின்ன, நடுத்தர நாய்கள் என்றுதான் நினைக்கிறேன்.

மீனா டாலஸ்:
எடிசன் அண்ணா, மணியின் எடை மாறினால் சந்தாக் கணக்கில் உடனே மாற்றிவிடுங்கள். ஒன்றிரண்டு பவுண்டு என்றாலும் பீகிளுக்கு அது பெரிது. பிஸ்கட்டு, தோசைத் துண்டு எல்லாம் தனியாகப் போனால் அதையும் கணக்கில் சேர்க்க வேண்டும்.